மேசை துடைத்தவனின் புகார்

சிரஞ்சீவி மச்சினனுக்கு,

உன் அக்காள் புருஷன் ஆசி கூறி எழுதுவது. இங்கே அனைவரும் நலம் என்று எழுதத்தான் உட்கார்ந்தேன். பேனா நகர மாட்டேன் என்கிறது.

எங்கள் சாப்பாட்டு மேசைக்கு எதிரே கேமராவை நட்டுவைத்து, "கதை கிடையாது, பாட்டு கிடையாது, கேமரா அசையாது. நீங்களும் அக்காவும் சும்மா இருங்க மாமா, அதான் படம்" என்று நீ சொன்னபோதே நான் உஷாராகியிருக்க வேண்டும். கேமராவில் சின்னச் சிவப்பு விளக்கு எரிந்தால் படம் ஓடுகிறது என்றவனும் நீதான். எரிந்தது. நாலு பேர் பார்ப்பார்களே என்று தொப்பையை உள்ளிழுத்துக்கொண்டு, கல்யாணமான நாளிலிருந்து தொடாத துணியை எடுத்து மேசையைத் துடைத்தேன். உன் அக்கா, காய்ச்சலோ என்று என் நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள். விளக்கு அணைந்தது. துணியை அவள் தோளில் போட்டுவிட்டு, தொப்பைக்கு விடுதலை கொடுத்து, "டீ என்னாச்சு?" என்றேன். எந்த வீட்டில் நடக்காதது?

திரையிடலுக்குக் கூப்பிட்டாயே, பாவி! புதுச் சட்டை போட்டு, மேலதிகாரியையும் இழுத்துக்கொண்டு வந்தேன். முக்கால் மணி நேரம் அதே மேசை. நான் துடைப்பது ஒரே நிமிடம். பாக்கி நேரமெல்லாம் நான் காலை நீட்டிக்கொண்டு அதட்டுகிறேன், உன் அக்கா என் காலைத் தாண்டித் தாண்டி வேலை செய்கிறாள். உன் தாடிக்கார நண்பன் எழுந்து, "இவர் நடிப்பு ஆரம்பத்துல படு மோசம். துணியைப் போட்டதும் பிரமாதம்!" என்கிறான். உன் சட்டையைப் பிடித்தால், "விளக்கு அணையல மாமா, அது மேல டேப் ஒட்டிட்டேன். கேமரா ஓடிட்டேதான் இருந்துச்சு. யாரும் பார்க்கலன்னா மனுஷன் எப்படி இருப்பான், அதான் படமே" என்று பல்லைக் காட்டுகிறாய்.

எப்படி இவ்வளவு இயல்பாக நடித்தீர்கள் என்று உன் அக்காவிடம் மைக்கை நீட்டினார்கள். "நான் எங்க நடிச்சேன்? துடைச்சேன்" என்றாள். அரங்கமே எழுந்து கைதட்டியது. முதலில் எழுந்தவர் என் மேலதிகாரி.

அன்றிலிருந்து வீட்டில் டீ இல்லை, பேச்சும் இல்லை. எதிரே உட்கார்ந்து கண் கொட்டாமல் என்னையே பார்க்கிறாள். உட்கார்ந்தால் பார்க்கிறாள், கொட்டாவி விட்டால் பார்க்கிறாள். அந்தப் படத்தை உடனே கொளுத்து. இல்லையென்றால் என் வீட்டு வாசலை மிதிக்காதே.

மற்றபடி நீ நீடூழி வாழ்க, வேறு ஏதாவது தொழிலில்.

இப்படிக்கு,
உன் படத்தின் வில்லன்

பி.கு.: கொளுத்திவிடாதே. நான் துடைக்கும் அந்த ஒரு நிமிடத்தை மட்டும் வெட்டி உடனே அனுப்பு. உன் அக்கா வாயைத் திறந்துவிட்டாள். "அன்னிக்குத் துடைச்ச மாதிரியே துடைங்க, டீ வரும்" என்கிறாள். எப்படித் துடைத்தேன் என்று யாருக்கு ஞாபகம்? கடையிலிருந்து அதே மாதிரி சின்னச் சிவப்பு விளக்கு ஒன்று வாங்கி வந்து சுவரில் மாட்டியும்விட்டாள். ஐயோ, எரிகிறது. துணி எங்கே?