நாற்பது மெத்தை வழக்கு

கோர்ட்டுக்குப் போவது என்று முடிவு செய்துவிட்டேன். இனி ஒருவன் என்னிடம் சரக்கு எடுத்துவிட்டு டிமிக்கி கொடுக்க முடியாது.

நான் மெத்தை வியாபாரி. ஊருக்கெல்லாம் தூக்கம் விற்கிறவன். எனக்குத்தான் மூன்று மாதமாகப் பொட்டுத் தூக்கம் இல்லை. ஒரு லாட்ஜ்காரர் கடனுக்கு நாற்பது மெத்தை எடுத்தார். பில்லில் கையெழுத்துப் போட்டார். அதோடு சரி. போனால் டீ கொடுப்பார், பேப்பர் கொடுப்பார், பணம் மட்டும் கொடுக்க மாட்டார். இதற்குள் எனக்குப் பஞ்சு தருகிறவர் கறாராகச் சொல்லிவிட்டார். மாதக் கடைசிக்குள் அவர் பாக்கியைத் தீர்க்காவிட்டால் சரக்கு கிடையாது. சரக்கு இல்லாவிட்டால் கடைக்குப் பூட்டுதான்.

வக்கீல் தைரியம் சொன்னார். கையெழுத்துப் போட்ட பில் இருப்பதால் சுருக்க விசாரணையிலேயே முடித்துவிடலாமாம். கோர்ட் அனுமதி கொடுக்காமல் எதிராளி வாயே திறக்க முடியாதாம்.

வீட்டுக்கு வந்து, கூடத்தில் குறுக்கும் நெடுக்கும் நடந்தபடி மனைவிக்கு விளக்கினேன்.

"அனுமதி இல்லாம வாயைத் திறக்க முடியாதா? பாவம், எப்படித்தான் இருப்பாரோ."

"பழகிடும்" என்றேன். அனுபவத்தில் சொன்னேன்.

"சரி, கேஸ் யார் பேர்ல?"

"என் பேர்லதான். வேற யாரு?"

"கடை என் பேர்லதானே இருக்கு?"

நடை நின்றுவிட்டது. பெண்கள் பெயரில் தொழில் நடத்தினால் வங்கியில் வட்டி குறைவு. அதற்காகக் கடையை அவள் பெயருக்கு மாற்றிய மகா புத்திசாலி நான்தான். கையெழுத்து அவளுடையது, ராஜ்யம் என்னுடையது என்பது திட்டம்.

மனுவில் கையெழுத்துப் போட்டவள், விசாரணைக்கும் வருவேன் என்றாள். உட்கார்ந்து உட்கார்ந்து முதுகு வலிக்கும் என்று பயமுறுத்திப் பார்த்தேன். மசியவில்லை.

விசாரணையில் லாட்ஜ்காரரின் வக்கீல் ஒரு குண்டைப் போட்டார். மெத்தை பூராவும் கட்டி கட்டியாக இருக்கிறதாம். ஒருத்தரும் படுக்க முடியவில்லையாம். எதிர்வாதம் செய்ய அனுமதி வேண்டுமாம். கொடுத்துவிட்டால் போச்சு, பேரன் காலம்வரை இழுக்கும். துள்ளி எழுந்தேன்.

"ஐயா, பொய். ஒரு மெத்தைகூட..."

நீதிபதி கண்ணாடிக்கு மேலே பார்த்தார். "நீங்க யாரு?"

"கடை உரிமையாளரோட வீட்டுக்காரர்."

"உக்காருங்க."

உட்கார்ந்தேன். என் மனைவி எழுந்தாள்.

"ஐயா, அவங்க சொன்னா சரியாத்தான் இருக்கும். பணமே வேண்டாம். நாற்பது மெத்தையையும் இப்பவே திருப்பி எடுத்துக்கறோம். வண்டி வாசல்ல நிக்குது."

லாட்ஜ்காரர் முகம் வெளுத்தது. காலையில் அவள் யாரோ மாதிரி லாட்ஜுக்குப் போன் போட்டு ரூம் கேட்டாளாம். ஒன்றுகூடக் காலியில்லை, எல்லா மெத்தையிலும் ஆள் என்றார்களாம். எனக்கு இதெல்லாம் அப்புறம்தான் தெரியும். லாட்ஜ்காரர் தன் வக்கீலின் அங்கியைப் பிடித்து இழுத்தார். மெத்தையில் ஒரு குறையும் இல்லை என்று தன் வாயாலேயே சொன்னார்.

"அப்ப பணத்தைக் கட்டுங்க" என்றார் நீதிபதி.

அந்த வாரமே கட்டினார். அவள் பெயருக்கு. பஞ்சுக்காரர் பாக்கியையும் அவளே தீர்த்தாள்.

மறுநாள் நான் போவதற்குள் கடை திறந்திருந்தது. என் நாற்காலியில் அவள். "இனிமே கடன் கொடுக்கற வேலை உங்களுக்கு வேண்டாங்க" என்றாள். சண்டை போடலாமென்று மூச்சை இழுத்தேன். அதற்குள் லாட்ஜ்காரர் வந்துவிட்டார். தலையணை வேண்டுமென்றார். ரொக்கத்தை அவள் முன்னால் பவ்யமாக வைத்தார். என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டு அவள் பக்கம் திரும்பினார்.

"அம்மா, தலையணையை அவரை விட்டு வண்டியில ஏத்தச் சொல்லுங்க."

ஏற்றினேன்.