ஷாட் போலாமா?

சீரியல் தயாரிப்பில் இருப்பவர்களுக்கு ஒரு தலையெழுத்து உண்டு. நாம் என்ன வேலை பார்க்கிறோம் என்று பெற்ற அப்பாவுக்குக்கூடப் புரியாது. என் அப்பாவுக்குத் திருத்தங்கலில் பட்டாசுக் கடை. "நடிக்கிறியா?" என்பார். இல்லை. "டைரக்டரா?" அதுவும் இல்லை. "பின்ன அங்கன என்னதான் செய்யுற தாயி?" (நல்ல கேள்வி. சம்பளம் தருகிறவர்களுக்கே சில மாதம் இந்தச் சந்தேகம் வரும்.)

ஒருநாளாவது நான் வேலை செய்வதை அவர் பார்க்க வேண்டும் என்று எனக்கு ஏக்கம். டிவியில் பார்க்கலாம் என்றால், என் பெயர் வருவதற்குள் விளம்பரம் வந்துவிடும். அதனால் ஏதேதோ காரணம் சொல்லி, கதையில் வந்த ஒரு கல்யாணத்தை எங்கள் ஊருக்குப் பக்கத்தில் இருக்கும் ஆமத்தூருக்குக் கொண்டுவந்தேன். மாப்பிள்ளை ஊர்வலத்துக்கு வாணவேடிக்கை. பொறுப்பு அப்பாவுக்கு. வெள்ளை வேட்டி சட்டையில், கடையிலேயே பெரிய பெட்டியோடு வந்து இறங்கினார்.

"சிக்னல் குடுக்காம பத்த வைக்கக் கூடாதுப்பா" என்றேன், வாக்கிடாக்கியை இடுப்பில் எடுப்பாகச் செருகிக்கொண்டு.

"எனக்கே பத்த வைக்கச் சொல்லித் தாரியா?"

சூரியன் இறங்கி, வானம் கருநீலமாக இருக்கும் கொஞ்ச நேரத்துக்குள் எடுத்தாக வேண்டும். கேமராமேன் லென்ஸ் மாற்றிக்கொண்டிருந்தார். ஹீரோ கேரவனில் இருந்தார். அவர்களை விரட்டுவதற்காக உதவி இயக்குநர் வழக்கம்போலக் கத்தினார்: "ஷாட் ரெடியா? ஷாட் போலாமா?"

சினிமாக்காரர்களுக்கு ஷாட் என்றால் எடுக்கப்போகும் காட்சி. எங்கள் ஊரில் ஷாட் என்றால் மேலே போய் வெடிக்கும் வாணம். இரண்டு பாஷையும் தெரிந்த ஒரே ஆளான நான் இதை யோசிக்கவே இல்லை.

"போலாம் தம்பி!" என்று அப்பாவின் குரல் கேட்டது.

சிவப்பு, பச்சை, தங்கம்... ஆமத்தூர் வானத்தை அவ்வளவு அழகாக நான் பார்த்ததில்லை. கேமரா பார்க்கவே இல்லை. குதிரை, மாப்பிள்ளைக்குக் காத்திராமல் விருதுநகர் பக்கம் ஓடியது.

அப்பா முகமெல்லாம் சிரிப்பாக வந்தார். "எப்பிடித் தாயி? எல்லாம் எடுத்துட்டீகளா?"

"யாருய்யா பத்த வைக்கச் சொன்னது?" என்று டைரக்டர் கத்தினார்.

"நான்தான் சார்" என்றேன்.

அவரிடம் மன்னிப்புக் கேட்டேன். கேமராமேனிடம் கேட்டேன். கேரவன் கதவுக்கு வெளியே நின்று ஹீரோவிடம் கேட்டேன். குதிரைக்காரரிடம் கேட்டேன். (குதிரை நின்றிருந்தால் அதனிடமும் கேட்டிருப்பேன்.) அப்பா ஊதுபத்தியும் கையுமாக எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டு நின்றார். இதைக் காட்டவா இத்தனை ஆசைப்பட்டோம் என்று எனக்கு அழுகையே வந்துவிட்டது.

ஊர்வலம் வாணமில்லாமலே ஒளிபரப்பானது. ஆனால் அப்பாவுக்கு என் வேலை புரிந்துவிட்டது. சொந்தக்காரர்கள் கேட்டால் இப்போது தயங்குவதே இல்லை: "எம் மகளுக்கு மன்னிப்புக் கேக்குற வேலை. பெரிய கம்பெனி." வீட்டில் பால் பொங்கி வழிந்தால்கூட, "போனப் போடுங்க, அவ வந்து மன்னிப்புக் கேக்கட்டும்" என்கிறாள் அம்மா. (என் தொழிலுக்கு இதைவிடச் சரியான விளக்கம் கிடையாது.)

ஒவ்வொரு ஷூட்டிங்குக்கும் கூப்பிடுகிறேன். "வாங்கப்பா, சும்மா சேர் போட்டு உக்காந்து பாருங்க."

"சீசன் தாயி" என்பார். சித்திரையிலும் தீபாவளி சீசன் என்பார். போன தடவை நான் விடவில்லை. அப்போதுதான் சொன்னார்:

"அன்னைக்கு எனக்காக 'நான்தான்'னு சொன்னியே. அதப் பாத்தாச்சு தாயி. போதும்."

எனக்குத்தான் போதவில்லை.