பதின்மூன்றாயிரம் செங்கல்

எஸ்.எஸ்.எல்.சி.யில் கணக்குப் பாடத்தில் நான் நூற்றுக்குத் தொண்ணூற்றிரண்டு வாங்கியவள். யாரும் கேட்காவிட்டாலும் இதைச் சொல்லிவிடுவது என் வழக்கம். எங்கள் வீட்டுக்கு அந்த வருஷம் இரண்டு சோதனைகள் வந்தன. ஒன்று, கார்த்திகைப் புயலில் சுவர் விழுந்தது. மற்றது, இந்தத் தொண்ணூற்றிரண்டு. புயலாவது ஒரே நாளில் ஓய்ந்துவிட்டது.

அறுபதுகளின் கடைசி அது. கும்மிடிப்பூண்டி ஸ்டேஷனில் இறங்கிக் கிழக்கே முக்கால் மணி நேரம் நடந்தால் எங்கள் காலனி. என் அப்பா சின்னப்பனை நாங்கள் ‘நைனா’ என்றுதான் கூப்பிடுவோம் (ஆந்திரா எல்லை கூப்பிடு தூரம்). வயலில் கூலி வேலை பார்த்துக்கொண்டிருந்தவர், எண்ணூர் பக்கம் ஒரு தொழிற்சாலையில் வேலை கிடைத்து, தினமும் விடியற்காலை ரயிலில் போய்வந்துகொண்டிருந்தார். எங்கள் வீடு மண் சுவர், பனையோலைக் கூரை. புயல் போனபிறகு பார்த்தால் ஒரு மூலைச் சுவர் மட்டும் நின்றுகொண்டிருந்தது. கூரை போன திசை தெரியவில்லை.

நைனா, அம்மா, நான், இரண்டு தங்கைகள் ஆக ஐந்து பேரும் மாதா கோயில் பள்ளிக்கூடத்தில் பால்பவுடர் மூட்டைகள் அடுக்கும் அறையில் குடியேறினோம். பங்குச் சாமியார் நல்லவர். “ஜூன் மாசம் பள்ளிக்கூடம் திறக்கிற வரைக்கும் இருங்க. அப்புறம் அந்த ரூம் எனக்கு வேணும்” என்று சொல்லிவிட்டார். அதற்குள் எங்கள் தலைக்கு மேல் ஒரு சொந்தக் கூரை வந்தாக வேண்டும். அம்மாவின் ஜெபமெல்லாம் அது ஒன்றுக்குத்தான். அந்த அறையில் எதைச் சமைத்தாலும் பால்பவுடர் வாசனை அடித்தது. ரசத்தில்கூட அடித்தது. அம்மா வாய்விட்டுச் சொல்லவில்லை, ஆனால் கரண்டியை வைக்கிற சத்தத்தில் தெரியும்.

நல்லவேளையாக, புயலில் வீடு இழந்த தொழிலாளிகளுக்குத் தொழிற்சாலையின் கூட்டுறவுச் சங்கம் கடன் தருவதாகச் சொன்னது. பணத்தைக் கையில் கொடுக்க மாட்டார்கள். கல்லுக்குச் சூளைக்காரரிடமும் ஓட்டுக்குக் கடைக்காரரிடமும் அவர்களே நேராகக் கட்டிவிடுவார்கள். மொத்தம் இவ்வளவுதான் என்று ஒரு வரம்பு உண்டு. அதற்குள் எதற்கு எவ்வளவு என்று எஸ்டிமேட் எழுதிக் கொடுக்க வேண்டும்.

நைனா கன்னியப்பன் மேஸ்திரியை அழைத்துவந்தார். சுற்று வட்டாரத்தில் பாதி வீடுகள் அவர் கட்டியவை. மேஸ்திரி இடிந்த வீட்டை ஒரு தடவை சுற்றி வந்தார். வெற்றிலையைத் துப்பினார்.

“ஒம்போதாயிரம் கல்லு போதும்ணே. மீதிய ஓட்டுக்கு வெச்சுக்கோ. கணக்காப் பூடும்.”

அப்போது நான் செய்திருக்க வேண்டியது, ஒரு தாளை எடுத்து ‘செங்கல் 9,000’ என்று எழுதுவது மட்டும்தான். (அதற்குத் தொண்ணூற்றிரண்டு தேவையே இல்லை. முப்பத்தைந்து போதும்.) ஆனால் நான் கேட்டேன்: “அளக்காமலே எப்படிச் சொல்றீங்க?”

“கண்ணால அளந்தேன் பாப்பா.”

“கண்ணால அளந்தா ஆபீஸ்ல ஒத்துக்குவாங்களா?”

நைனாவின் முகத்தில் ஒரு வெளிச்சம் வந்தது. எங்கள் வம்சத்தில் எஸ்.எஸ்.எல்.சி.யை எட்டிப் பார்த்த முதல் ஆள் நான்தான். “பாப்பா புதுக் கணக்கு படிச்சுக்கீது மேஸ்திரி. அதுவே போடட்டும்” என்றார்.

அந்தப் புதுக் கணக்கைப் பற்றிச் சொல்ல வேண்டும். நாங்கள் படித்த காலத்தில்தான் அணா போய் நயா பைசா வந்தது. சேர் போய்க் கிலோ வந்தது. கஜம் போய் மீட்டர் வந்தது. எங்கள் கணக்கு வாத்தியார் கரும்பலகையைத் தட்டித் தட்டிச் சொல்வார்: “இனிமே எல்லாம் பத்துதான். பத்தால பெருக்கு, பத்தால வகு, வேற ஒண்ணும் கிடையாது.” ஞாயிற்றுக்கிழமை ஞானோபதேச வகுப்பைவிட இதைத்தான் நான் உறுதியாக விசுவசித்தேன்.

அளக்க டேப் வேண்டுமே! காலனியில் இருந்த ஒரே டேப், டெய்லர் பாஷா பாயின் கழுத்தில் தொங்கியது. மத்தியானத்துக்குள் திருப்பித் தருவதாகச் சொல்லி வாங்கிவந்தேன். ஒன்றிலிருந்து அறுபது வரை அங்குலம் போட்ட துணி டேப். ஒரு முனையை அம்மா கையில் கொடுத்துச் சுவர் இருந்த கோட்டின் கடைசியில் நிற்க வைத்தேன்.

“இன்னாடி இது, ஊட்டுக்கு ஜாக்கெட்டு தைக்கப்போறியா? கழுத்து எறக்கம் பாத்து வெய்யி” என்றாள் அம்மா.

நான் சிரிக்கவில்லை. விஞ்ஞானி வேலையில் இருக்கும்போது சிரிக்கலாமா? முழு டேப் ஒரு தடவை நீண்டது. அறுபது அங்குலம். பத்தால் வகுத்தேன். ஆறு அடி.

உங்களில் சிலர் இப்போது தலையில் கை வைத்திருப்பீர்கள். அடிக்குப் பன்னிரண்டு அங்குலம் என்பது ஸ்கேலைப் பார்த்தாலே தெரியுமே என்று கேட்பீர்கள். என் ஸ்கேல், பெரியப்பா மகன் படிப்பைப் பாதியில் விட்டபோது எனக்குக் கொடுத்தது. ஏழாவது அங்குலத்தோடு உடைந்துபோயிருந்தது. எட்டாவது அங்குலத்தை நான் நேரில் சந்தித்ததே கிடையாது. பள்ளியிலும் சென்டிமீட்டர் பக்கத்தைத்தான் திருப்பி வைத்துக்கொள்வோம். ஆகவே அடி என்பதும் பத்தில்தான் முடியும் என்று நானாகவே தீர்மானம் செய்துகொண்டேன். கேட்கலாம் என்று தோன்றவில்லை. தொண்ணூற்றிரண்டு வாங்கியவள் யாரிடம் போய்க் கேட்பாள்?

நீளம் நாலு டேப், இருபத்துநாலு அடி. அகலம் மூன்று டேப், பதினெட்டு அடி. நின்றிருந்த மூலைச் சுவரின் உயரம் ஒன்றரை டேப், ஒன்பது அடி. ராத்திரி சாப்பாட்டுக்கு முன்பே பெருக்கி முடித்து, பதின்மூன்றாயிரம் செங்கல் என்று சிவப்பு மையில் எழுதி, கீழே இரண்டு கோடு போட்டேன். ஓட்டுக்கு மிஞ்சியது சமையல் மூலைக்கு மட்டும் போதும் என்று வந்தது. அம்மாவின் முகம் வாடிப்போனது. மறுநாள் மேஸ்திரியும் தலையைச் சொறிந்தார்.

“நாலாயிரம் தூக்கலா கீதே பாப்பா.”

“நீங்க சொன்னது கண்ணு மதிப்பு. இது கணக்கு” என்றேன். (இதை எழுதும்போது கன்னத்தில் போட்டுக்கொள்கிறேன்.)

நைனா அந்தத் தாளை மடிக்காமல், ஒரு அட்டைக்குள் வைத்து ரயிலில் கொண்டுபோனார். பொன்னேரி வருவதற்குள் பெட்டியில் இருந்த எல்லோருக்கும் காட்டியிருக்கிறார். சங்கத்து ஆபீஸில் இருந்தவர்களும் சிவப்பு மையைப் பார்த்து மயங்கிக் கையெழுத்துப் போட்டுவிட்டார்கள்.

பங்குனியில் ஊத்துக்கோட்டைப் பக்கத்துச் சூளையிலிருந்து லாரி வர ஆரம்பித்தது. வந்துகொண்டே இருந்தது. எங்கள் மனையில் இடம் போதாமல் தெருவில் அடுக்கினார்கள். தெருவும் போதாமல் அடிபம்பு வரைக்கும் அடுக்கினார்கள். தண்ணீர் பிடிக்கக் குடத்தோடு பக்கவாட்டில் நடந்து போனவர்கள், என்னைப் பார்த்து, “சர்ச்சு கட்றீங்களா?” என்று கேட்டார்கள். பொறாமை என்று நினைத்துக்கொண்டேன்.

அஸ்திவாரத்துக்குக் கடைக்கால் எடுக்கிற நாள் வந்தது. மேஸ்திரி முளைக்குச்சியும் நூலும் எடுத்துக்கொண்டு வந்தார். நான் நகல் தாளோடு மனையின் நடுவில் நின்றேன். நைனா வேலைக்குப் போயிருந்தார்.

“நீளம் இருபத்துநாலு அடி” என்று அறிவித்தேன்.

மேஸ்திரி தன் மடக்கு அடிக்கோலைப் பிரித்து வைத்து, எடுத்து, வைத்து, எடுத்துப் போய்க்கொண்டே இருந்தார். பழைய சுவரின் கோட்டைத் தாண்டினார். எங்கள் மனையைத் தாண்டினார். கடைசி முளைக்குச்சியை அவர் ஊன்றப்போன இடம், பக்கத்து வீட்டு முனியம்மா அக்காவின் கோழிக்கூண்டு. உள்ளே அடைகாத்துக்கொண்டிருந்த கோழி கத்திய கத்தலில் முனியம்மா அக்கா ஓடிவந்தார்.

“யம்மாடி! சின்னப்பன் பொண்ணே! என் கோழி உங்க ஊட்டுக்குள்ள இன்னா பண்ணிக்கினு கீது?”

“பழைய வீட்டு அளவுதாங்க்கா. நீங்கதான் கூண்டைத் தள்ளி வெச்சிருக்கீங்க” என்றேன். வாய் கூசாமல் சொன்னேன்.

“நானா? பொயல்ல என் பின்செவுரே பூட்ச்சு. பாய மாட்டிக்கினு படுத்துக்கினு கீறேன். கூண்ட நவுத்தறதுதான் எனக்கு வேலையா?”

கூட்டம் சேர்ந்துவிட்டது. மேஸ்திரி பழைய கடைக்காலை மட்டும் அளந்தார். “இருபது அடிதான் கீது பாப்பா.”

“உங்க கோல் தேஞ்சுபோச்சு” என்றேன்.

யாரோ போய் பாஷா பாயைக் கூட்டிவந்தார்கள். அவர் கழுத்திலிருந்து டேப்பைக் கழற்றி, செங்கல் அடுக்கின் மேல் மேஸ்திரியின் கோலுக்குப் பக்கத்தில் நீட்டி வைத்தார். மேஸ்திரி ஒவ்வோர் அங்குலமாக விரல் வைத்து எண்ணினார். பத்து வந்ததும் நான் ஜெயித்துவிட்டதாக நிமிர்ந்தேன். விரல் நிற்கவில்லை. பதினொன்று. பன்னிரண்டு. அங்கேதான் கோலில் முதல் அடி முடிந்தது.

மேஸ்திரிக்குக் கோபமே வரவில்லை. மெதுவாகக் கேட்டார்: “மீதி ரெண்டு அங்குலத்த இன்னா பாப்பா பண்ண?”

அந்தச் சிரிப்பு பழவேற்காடு ஏரி வரைக்கும் கேட்டிருக்கும். “நல்லவேளை, இது எங்கிட்ட தையல் கத்துக்கல” என்று பாஷா பாய் தன் பங்குக்குச் சொன்னார். நான் ஓடினேன். ஓடிப்போய் பால்பவுடர் மூட்டைகளுக்குப் பின்னால் உட்கார்ந்து அழுதேன். ஒரு மூட்டை பிரிந்து கொட்டியதில் முகமெல்லாம் வெள்ளை. தேடிவந்த சின்னத் தங்கை பேய் என்று அலறினாள்.

சாயங்காலம் நைனா வந்தபோது விஷயம் ஸ்டேஷனிலேயே அவருக்குத் தெரிந்துவிட்டது. வழியில் ஏழெட்டுப் பேர் தனித்தனியாகச் சொல்லியிருக்கிறார்கள். அவர் என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருந்தால் எனக்கு நன்றாக இருந்திருக்கும். மறுநாள் லீவு போட்டுச் சூளைக்குப் போனார். சுட்ட கல்லைத் திரும்ப எடுத்துக்கொள்ளும் வழக்கமே இல்லை என்று சொல்லிவிட்டார்கள். சங்கத்திலும் கைவிரித்துவிட்டார்கள். ஜூனுக்கு இரண்டரை மாதம்தான் பாக்கி. கல் மட்டும் மலையாகக் கிடந்தது. அம்மா சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கொண்டு, “ஓடு வேணாம், இன்னாத்தையாவது போட்டு மூடுனா போதும்” என்றாள். என்னால் தாங்க முடியவில்லை.

எப்படியாவது ஒரு இடத்திலாவது கணக்கைச் சரிசெய்ய வேண்டும் என்று முனியம்மா அக்காவிடம் மன்னிப்புக் கேட்கப் போனேன். அவர் முறத்தைக் கீழே வைக்காமலே கேட்டார்.

“அது கெடக்குது. மிச்சக் கல்ல இன்னா பண்ணப்போறீங்கோ?”

“தெரியலக்கா.”

“எங்கிட்ட டப்பு இல்ல. என் தம்பி பனை வெட்றவன். ஓலையும் பனங்கையும் அவங்கிட்ட எவ்ளோ வேணா கீது. என் பின்செவுத்துக்குக் கல்லு குடு, உங்க கூரைக்கு அத எறக்கச் சொல்றேன்.”

நேராக மேஸ்திரியிடம் ஓடி அடிக்கோலைக் கடன் கேட்டேன். “இதுல பன்னண்டு கீது, எண்ணிப் பாத்துட்டு எடுத்துக்கினு போ” என்று கொடுத்தார். முனியம்மா அக்காவின் சுவரை மூன்று தடவை அளந்தேன். புயலில் சுவர் விழுந்த வேறு மூன்று வீடுகளுக்கும் போனேன். ஒவ்வோர் அடிக்கும் ஒன்றிலிருந்து பன்னிரண்டு வரை சத்தமாக எண்ணினேன். திறந்திருந்த கதவுகளிலிருந்தெல்லாம் “பன்னண்டு!” என்று கூடவே கத்தினார்கள். வெட்கமாகத்தான் இருந்தது, விடவில்லை. வீட்டுக்கு ஆயிரம் கல் என்று நாலாயிரமும் போனது. ஒரு வீட்டுக்காரர்கள் மூங்கில் கொடுத்தார்கள். ஒரு வீட்டில் அண்ணன் தம்பி இருவரும் கூரை வேயத் தெரிந்தவர்கள், பத்து நாள் வந்து உழைத்தார்கள். இன்னொரு வீட்டார் எல்லோருக்கும் கூழ் ஊற்றினார்கள். மேஸ்திரி சொன்ன ஒன்பதாயிரத்தில் எங்கள் சுவர் எழும்பி முடிந்தது. கையில் நாலு கல் மிஞ்சியது. (கண்ணால் அளந்த மனிதர்!)

பள்ளி திறக்க ஆறு நாள் இருக்கும்போது செங்கல் சுவரின் மேல் பனையோலைக் கூரை ஏறியது. அம்மா வைத்த முதல் ரசத்தில் ரச வாசனை மட்டும் அடித்தது. நான் மூன்று தடவை வாங்கிக் குடித்தேன்.

புது வீட்டை மந்திரிக்கச் சாமியார் வந்தார். தீர்த்தம் தெளித்துவிட்டு, வாசலில் நின்று தெருவைப் பார்த்தார். வரிசையாகப் புதுச் சிவப்புச் சுவர்கள். சிரித்துக்கொண்டே கேட்டார்: “என்ன சின்னப்பா, உன் மகள் கணக்கைத் தப்பாப் போட்டதால நாலு வீட்டுக்குச் சுவர் வந்துச்சாமே?”

நான் கதவுக்குப் பின்னால் போய் நின்றேன். நைனாவின் குரல் கேட்டது.

“தப்புலாம் ஒண்ணும் இல்ல சாமி. பாப்பா கணக்கு சரிதான். ஊடுதான் கொஞ்சம் சின்னதாப் பூட்ச்சு.”

காலனியே விழுந்து விழுந்து சிரித்தது. அன்றிலிருந்து எங்கள் குடும்பத்தில் அந்த வசனம்தான் எல்லாவற்றுக்கும் பதில். என் தங்கை கல்யாணத்தில் சோறு பற்றாமல் போனபோது, “கணக்கு சரி, வயிறுதான் பெருசு” என்றார்கள். என் கணவர் ரயிலைத் தவறவிட்டு வந்து நின்றால், “நேரம் சரி, ரயில்தான் சீக்கிரம் பூட்ச்சு” என்கிறார்கள். என் மகள் வீடு கட்டி, என்ஜினீயர் போட்ட எஸ்டிமேட் பாதியிலேயே தீர்ந்துபோன அன்று, அழ ஆரம்பித்தவள் என் முகத்தைப் பார்த்தாள். நான் வாயைத் திறப்பதற்குள் அவளே சொல்லிவிட்டுச் சிரித்தாள்.

நாங்கள் எல்லோரும் அதைச் சிரிப்பதற்காகத்தான் சொல்கிறோம். அன்றைக்குக் கதவிடுக்கு வழியாக நான் நைனாவின் முகத்தைப் பார்த்தேன். அவர் சிரிக்கவே இல்லை.