சொந்த வீட்டுக்கு ஒரு சாட்சி

திருச்சியில் எந்தப் பொருளையும் அதன் விலைக்கு வாங்கியறியாத ஒரே மனிதர் எங்கள் சலுகை சார்தான். தென்னூரில் எனக்குப் பக்கத்துப் போர்ஷனில் குடியிருந்தார். ஒரு எலெக்ட்ரிகல் கடையில் வேலை. அப்பா அம்மா வைத்த பெயர் என்று ஒன்று இருந்திருக்கும். தெருவில் யாரும் அதைக் கேட்டு வைத்துக்கொள்ளவில்லை.

டீக்கடையில், "சர்க்கரை போடலல்ல? அதுக்கு உண்டானதைக் குறைச்சுக்கங்க" என்பார். ஸ்ரீரங்கம் கோயிலில் கட்டண தரிசன கவுண்டரில் ஒருமுறை கேட்டாரே ஒரு கேள்வி: "பெருமாளைக் கிட்டப் போயிப் பார்க்கலைங்க. பாதி தூரத்துலயே கும்பிட்டுத் திரும்பிடறேன். பாதி டிக்கெட் உண்டுங்களா?" கூடப் போயிருந்த நான் தூணுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டேன்.

டவுன் பஸ்ஸில் பெண்களுக்கு இலவசம் என்று வந்ததும் மனுஷனுக்குத் தலைகால் புரியவில்லை. மனைவி ராணி அக்காவை பஸ்ஸில் ஏற்றிவிட்டு, இவர் பின்னாலேயே சைக்கிள் மிதிப்பார். ஸ்டாப்புக்கு ஸ்டாப் ஜன்னலோரம் வந்து, மூச்சிரைக்க, "ராணி, தேங்காய் ஒண்ணா, ரெண்டா?" என்பார். பஸ்ஸே சிரிக்கும். பாவம், அக்கா முந்தானையால் முகத்தை மூடிக்கொள்வார்.

கண்டக்டருக்கே ஒருநாள் மனசு கேட்கவில்லை. "ஏறுங்க சார், உங்க டிக்கெட்டை நானே எடுத்துடறேன்."

"வேணாங்க. அப்புறம் பழக்கமாயிடும்."

இப்பேர்ப்பட்டவருக்கு ஓர் ஆசை இருந்தது. காலமெல்லாம் வாடகை வீடு. வாசலில் யார் யார் பெயரோ. யார் வீட்டுக்குப் போனாலும் முதலில் பெயர்ப்பலகை முன்னால் நின்றுவிடுவார். "தம்பி, சொந்தமா ஒண்ணு வாங்கி, கறுப்புக் கல்லுல தங்க எழுத்துல என் பேரைப் போட்டு வாசல்ல பதிக்கணும். அது ஒண்ணுதான் எனக்கு."

கடைசியில் ஸ்ரீரங்கத்தில் ஒரு பழைய அடுக்குமாடியில், பத்து லட்சத்துக்குச் சற்று உள்ளே, தீப்பெட்டி மாதிரி ஒரு வீடு அமைந்தது. பத்திரம் எழுதுகிறவர் சும்மா இருந்திருக்கலாம். "அக்கா பேர்ல மட்டும் பதிஞ்சா பதிவுக் கட்டணத்துல ஒரு பர்சன்ட் குறையும் சார். உங்க பேரும் சேர்ந்தா அந்தச் சலுகை கிடையாது" என்று போட்டுடைத்தார்.

அதற்கப்புறம் இரண்டு நாள் சார் யாரிடமும் பேரம் பேசவில்லை. தெருவே பயந்துபோயிற்று. ராணி அக்காதான் பொறுக்கமாட்டாமல், "சலுகையும் வேணாம், ஒண்ணும் வேணாம். உங்க பேர்லயே பதிங்க" என்றார்.

"என்ன ராணி பேசற? கவர்மென்டே குறைச்சுக்கறேங்குது. நான் வேணாங்கறதா? அப்புறம் என் மானம் என்னாறது?"

பதிவு நாளன்று இஸ்திரி போட்ட சட்டையோடு வந்தார். கேமரா முன்னால் அக்கா உட்கார்ந்ததும், இவரும் தலையைச் சீவிக்கொண்டு பக்கத்தில் போய் நின்றார். "நீங்க தள்ளிக்கங்க சார். வாங்கறவங்க மட்டும்தான்" என்றார் அங்கிருந்த பெண். சீப்பைப் பைக்குள் வைத்துக்கொண்டு ஒதுங்கினார். பிறகு அவரும் நானும் சாட்சிக் கையெழுத்துப் போட்டோம்.

"பார்த்தீங்களா தம்பி! சொந்த வீட்டுக்கு நான் சாட்சி!" என்று படியிறங்கும்போது சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

குடிபோன பிறகு, தன் வீட்டு பெல்லைத் தானே அடித்து, "ஹவுஸ் ஓனர் இருக்காங்களா?" என்று கேட்பது அவருக்கு வாடிக்கையாயிற்று. வாசலோ மொட்டையாகவே இருந்தது. கேட்டால், "பத்திரத்துல இல்லாத பேரு வாசல்ல எதுக்கு?" என்று பேச்சை மாற்றிவிடுவார்.

போன மாதம் நான் போயிருந்தேன். வாசலில் கறுப்புக் கல், தங்க எழுத்து. அதன் முன்னால் சார், செருப்பைக்கூடக் கழற்றாமல், கடையிலிருந்து வந்தபடியே நின்றுகொண்டிருந்தார்.

"எவ்வளவு ஆச்சு ராணி?"

"பத்திரத்துல மிச்சமாச்சே, அந்தக் காசுதாங்க."

"குறைச்சுக் கேட்டியா?"

"கேக்கலைங்க. உங்க பேரு. அதுக்கு எதுக்குப் பேரம்?"

சார் சட்டை நுனியால் அந்தக் கல்லைத் துடைத்தார், அப்புறம் கண்ணை. நானும் அன்றைக்குத்தான் அவருடைய பெயரை முதல்முறையாக முழுசாக வாசித்தேன்.

அது என்ன பெயர் என்று கேட்காதீர்கள். முழு விலை கொடுத்து வாங்கிய பெயர். அதை இங்கே சும்மா எழுதிவிட எனக்கு மனசு வரவில்லை.