ஒரு மரத்துக்குப் பத்துக் கன்று

சுவரில் இருந்த விரிசலைத் தையல்காரர் டேப்பால் அளந்தார். முக்கால் அங்குலம். போன வாரம் அரை அங்குலம்தான். வாடிக்கையாளருக்கு இடுப்பு பெருத்தால் தையலைப் பிரித்துவிடுவார். சுவருக்கு அந்த வசதி கிடையாது.

"ஏங்க, முந்தாநாள் விரல்தான் போச்சு. இன்னிக்குக் கையே போகுது" என்றாள் கட்டிலில் கிடந்த மனைவி. இடுப்பெலும்பு முறிந்ததிலிருந்து அவளுக்கு இருந்த ஒரே பொழுதுபோக்கு அந்த விரிசல்தான்.

குற்றவாளி வாசலிலேயே நின்றது. கிழட்டு மரம், வேர் அஸ்திவாரத்துக்குள் புகுந்துவிட்டது. ஒன்றரை அறை வீடு. வேறு போக்கிடம் இல்லை. சுவர் விழுந்தால் கட்டிலின் மேல்தான் விழும்.

மரத்தை வெட்ட அனுமதி கேட்டு அவர் கொடுத்த மனுவை மர அதிகாரி படித்தார். பின்னால் உதவியாளர் ஃபைலோடு நின்றார்.

"இடம் உங்களுது, மரமும் உங்களுது. ஆனா வெட்டுறது உங்க இஷ்டம் இல்ல, மாஸ்டர்."

"சுவர் விழுந்துரும் சார். பக்கத்துலயே என் பொண்டாட்டி படுத்திருக்கா."

"அதான் வழி சொல்றேன். ஒரு மரம் வெட்டணும்னா பத்துக் கன்னு வைக்கணும். அதே இடத்துல. ஆளுயரம் வளர்ந்தாதான் அதையும் மரம்னு கணக்குல எடுப்போம். அப்புறம் இதை வெட்டிக்கலாம்."

"அதுவரைக்கும் சுவர் நிக்கணுமே?"

"சுவர் எங்க டிபார்ட்மெண்ட் இல்ல."

வீட்டைச் சுற்றி இரண்டடி மண்தான். பத்துக் கன்றையும் சுவரோரமாகவே நட்டார். அதுவரை சுவர் தாங்க வேண்டுமே என்று ஒரு கிளையை வெட்டி முட்டுக் கொடுத்தார். மறுவாரமே அதிகாரி வந்து நின்றார்.

"அனுமதி இல்லாம கிளைய வெட்டியிருக்கீங்க. இன்னும் ரெண்டு கன்னு வைங்க."

தைக்க வந்த துணியெல்லாம் மூலையில் கிடந்தது. அவர் எரு சுமந்தார், தண்ணீர் சுமந்தார். தினமும் பன்னிரண்டு கன்றுக்கும் அளவெடுத்தார்.

"கழுத்து வரைக்கும் வந்தாச்சு!" என்று ஒரு நாள் உள்ளே ஓடினார்.

"இந்தப் பக்கச் சுவரும் விரிசல் விட்டாச்சு" என்றாள் மனைவி. "காத்தோட்டம் பரவாயில்லைங்க."

அவர் சிரித்தார். பிறகு அடுப்படியில் போய் உட்கார்ந்து, அவளுக்குக் கேட்காமல் அழுதார்.

ஒரு வழியாகப் பன்னிரண்டும் அவர் தலையைத் தாண்டின. அதிகாரி ஒவ்வொன்றாகத் தடவிப் பார்த்தார். அவருக்குப் பின்னால், இத்தனை நாளும் வாயே திறக்காத உதவியாளர் ஃபைலைச் சுமந்துகொண்டு வந்தார்.

"பிரமாதம் மாஸ்டர்! பன்னெண்டும் முழு மரம். கணக்குல ஏத்திட்டேன்."

"அப்ப வெட்டிரலாமா சார்?" தையல்காரர் கோடாலியை எடுத்துக்கொண்டார்.

அதிகாரி முத்திரையை எடுத்தார். உதவியாளர் மெல்லச் செருமினார்.

"ஐயா, பழசையும் சேர்த்தா பதிமூணு மரம். பத்துக்கு மேல போனா சட்டப்படி இது தோப்பு ஆச்சே… தோப்புக்குள்ள கட்டின வீட்டையில்ல நாம இடிக்கச் சொல்லணும்?"