டர்னர் அண்ணாத்தேயின் வீடியோ கேம் கம்பெனி

கம்ப்யூட்டர் திரையில் வெர்னியர் காலிப்பரை வைத்து அளந்து பார்த்து வேலை வாங்கிய மனிதர் இந்தப் பூமியிலேயே ஒருவர்தான். அவர் எங்கள் டர்னர் அண்ணாத்தே.

தொண்ணூறுகளின் நடுவில், அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு பட்டறையின் மாடியில் அவர் வீடியோ கேம் கம்பெனி நடத்தினார். இருபது வருடம் லேத்தில் கடைசல் பிடித்த டர்னர். விருப்ப ஓய்வில் கிடைத்த பணத்தை அப்படியே இதில் கொட்டியிருந்தார். கம்பெனியில் ஒரு கம்ப்யூட்டர், ஒரு முதலாளி, ஒரு புரோகிராமர். அந்தப் புரோகிராமர் நான். ஆறு மாத கோர்ஸ் முடித்துவிட்டு, கம்ப்யூட்டரைக் கண்டுபிடித்தவனே என்னிடம் சந்தேகம் கேட்க வருவான் என்ற நினைப்பில் திரிந்த காலம் அது.

எங்கள் விளையாட்டில் ஒரு பால்காரர் ஆவடியிலிருந்து பூந்தமல்லிக்கு சைக்கிளில் போவார். பள்ளம் வந்தால் எகிற வேண்டும், கேனில் பால் சிந்தக் கூடாது. பள்ளங்களின் அளவு அசலாக இருக்க வேண்டும் என்று என்னை டேப்போடு நடுரோட்டில் உட்கார வைத்தார் அண்ணாத்தே. பின்னால் நின்ற பஸ் டிரைவர் என் பரம்பரையையே விசாரித்துவிட்டுப் போனார்.

தினமும் காலை எட்டு மணிக்கு இன்ஸ்பெக்‌ஷன். காக்கிச் சட்டையோடு வந்து, காலிப்பரைத் திரையில் வைத்து, சைக்கிள் எகிறும் உயரத்தை அளப்பார்.

"நேத்து இருபத்தி நாலு எம்.எம். எகிறுச்சு. இன்னிக்கு இருபத்தி மூணுதான் கீது. ரிஜெக்ட்டு."

நான் பெருமூச்சு விட்டுக்கொண்டே திருத்துவேன். உண்மையில் அவர் சொன்னதுதான் ஒவ்வொரு முறையும் சரியாக இருந்தது. அதை அப்போது ஒப்புக்கொள்ள எனக்குப் படிப்பு இடம் கொடுக்கவில்லை.

மவுண்ட் ரோடு கம்ப்யூட்டர் வியாபாரி ஒருவர் விளையாட்டைப் பார்க்க மாடியேறி வர ஒப்புக்கொண்டார். பிடித்துப்போனால், அவர் விற்கிற ஒவ்வொரு கம்ப்யூட்டரோடும் எங்கள் பால்காரரும் போவார். பிடிக்காவிட்டால் கம்பெனிக்குப் பூட்டுத்தான்.

அவர் வருவதற்கு முந்தின நாள் ஆயுத பூஜை. எஸ்டேட் முழுக்க மெஷின்களுக்கு மாலை, பொரி கடலை, உடைத்த பூசணிக்காய். அண்ணாத்தே சந்தனக் கிண்ணத்தை என்னிடம் கொடுத்து, எல்லாவற்றுக்கும் பொட்டு வைக்கச் சொல்லிவிட்டுக் கீழே போனார். கீபோர்டு, மவுஸ், ஸ்டூல் என்று வைத்துக்கொண்டே வந்து விளையாட்டு இருந்த இரண்டு ஃபிளாப்பிகளிடம் நின்றேன். சாதாரண ஆள் மேலே பிளாஸ்டிக்கில் வைத்திருப்பான். நான் படித்தவனாயிற்றே. சரக்கு உள்ளேதானே இருக்கிறது என்று ஃபிளாப்பியின் ஓரத்து மூடித் தகட்டை நகர்த்தி, உள்ளே சுழலும் தட்டிலேயே சந்தனமும் குங்குமமும் பக்தியோடு வைத்தேன். இரண்டுக்கும்.

ஹார்டு டிஸ்க்கில் ஒரு பிரதி இருந்திருக்க வேண்டும். அதை நான் போன வாரமே அழித்துவிட்டு, வெளிநாட்டுக் கார் ரேஸ் ஒன்றை ஏற்றியிருந்தேன். ஆராய்ச்சிக்காக.

மறுநாள் வியாபாரி முன்னால் ஃபிளாப்பியைச் செருகினேன். மாவு மில் மாதிரி ஒரு சத்தம் வந்தது. இரண்டாவதும் அப்படியே அரைத்தது. வியாபாரி ஒன்றை உருவி, தகட்டை நகர்த்திப் பார்த்தார். உள்ளே காய்ந்த சந்தனம். யார் செய்த வேலை என்று கேட்டார். நான் குனிந்து கீபோர்டு ஒயரைச் சரிபார்க்க ஆரம்பித்தேன்.

அண்ணாத்தே என் முகத்தைப் பார்த்தார். அவருக்குப் புரிந்துவிட்டது.

"நான்தான் சார் வெச்சேன். இந்தப் புள்ள வாணாம்னுதான் சொல்லிச்சு."

விஷயம் தெரியாத முதலாளியிடம் மாட்டிக்கொண்ட கெட்டிக்காரப் பையன் என்று வியாபாரி என்மேல் இரக்கப்பட்டார். போகும்போது தன் கடையில் வந்து சேரச் சொன்னார். கம்பெனி அந்த மாதமே மூடியது. அண்ணாத்தே நசரத்பேட்டையில் ஒரு பட்டறையில் மறுபடியும் லேத் முன்னால் போய் நின்றார்.

கடைசி நாளன்று, ஏன் அப்படிச் சொன்னீர்கள் என்று கேட்டேன்.

"நான் லேத்தாண்ட திரும்பிப் போனா எவனும் கேக்க மாட்டான். உனக்கு இதான்பா மொத வேலை. பேர் கெட்டா அப்பால இன்னா பண்ணுவே?"

அந்தக் கடையில் தொடங்கிய என் உத்தியோகம் இன்றுவரை ஓடுகிறது. 'நான்தான் வைத்தேன்' என்ற இரண்டு வார்த்தையை அன்று சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை, அண்ணாத்தே. ஊரறிய இப்போது சொல்லிவிட்டேன். உங்களை நினைக்காமல் நான் ஒரு மாதமும் சம்பளம் வாங்கியதில்லை.