வேலை செய்யாத பேய்

"வாங்கோ அக்கா, ஏன் நிக்கிறியள்? இருங்கோவன்," என்றாள் சுமித்திரா.

றிஸ்கான் தலையில் கைவைத்தான். நாயாற்றுக் களப்பிலிருந்து ஈரச் சேலையோடு பேய் ஏறிவரும் இடம் அது. கேமின் உச்சக்காட்சி. மனிசர் அலற வேண்டாமா? இவள் உட்காரச் சொல்கிறாள்!

அவன் இயக்கிய முதல் இரண்டு கதை கேம்களையும் சொந்தக்காரர்கூட முழுதாக விளையாடவில்லை. இது மூன்றாவது. யாராவது பயந்து அலறும் வீடியோ பின்னேரத்துக்குள் வேண்டுமென்று கொழும்புக் கம்பனி கேட்டிருந்தது. இல்லாவிட்டால் வவுனியாவில் மச்சானின் கடையில் ஆணி நிறுக்க வேண்டியதுதான்.

அதனால்தான், கார்மென்ட்ஸில் லீவு போட்டிருந்த அயல்வீட்டுச் சுமித்திராவைத் தன் வாடகை அறைக்குப் பிடித்துவந்து விளையாட வைத்திருந்தான். அவள் முகத்தைப் படம் பிடிக்கவென்று மொனிட்டருக்குப் பின்னால் கமெராவோடு அவன் உட்கார்ந்திருந்தான். திரை அவனுக்குத் தெரியாது.

வீட்டிலிருந்தே கேமுக்குக் கோட் எழுதி, அது ஓடும்போதே மாற்றிக்கொடுக்கும் தங்கச்சி சப்னாவுக்குப் போன் போட்டான்.

"பேய் நல்ல பிள்ளை மாதிரி நிக்குது போல. கண்ணை வெள்ளையாக்கு."

"ஆக்கிட்டன் நாநா."

"என்னக்கா, கண்ணெல்லாம் சிவந்துபோய் இருக்கு? நித்திரை இல்லையோ?" என்றாள் சுமித்திரா.

"வெள்ளை எண்டெல்லோ சொன்னனான்!"

"வெள்ளைதான் வைச்சனான். அவாவுக்குக் கண்ணில ஏதும் பிழையோ?"

"சரி, சரி. அழ விடு. ஒப்பாரி மாதிரி."

சுமித்திராவின் காதிலிருந்த ஹெட்போனையும் மீறி அழுகை கசிந்தது. றிஸ்கானுக்கே மயிர் கூச்செறிந்தது.

சுமித்திராவோ சிரித்தாள். "ஏனக்கா சிரிக்கிறியள்? சொன்னாத்தானே தெரியும்."

"சப்னா! நீ பேய் செய்தனியோ, பகிடிக்காரி செய்தனியோ?"

"என்னோட ஏன் கத்துறீங்க? அது அழுதுகொண்டுதான் நிக்குது!"

வெளியே இரணைமடுக் குளப் பக்கமாக வெயில் கொளுத்தியது. மின்விசிறியும் ஓடவில்லை. ஆனால் அறை குளிர்ந்தது. காட்சி வேலை செய்யத் தொடங்கிவிட்டது என்று றிஸ்கான் சந்தோசப்பட்டான்.

"பேயையே தூக்கு," என்றான். "வெறும் தண்ணியும் இருட்டும் போதும். இல்லாததுக்குத்தான் சனம் கூடப் பயப்படும்."

"தூக்கிட்டன். இப்ப ஒண்டும் இல்லை."

சுமித்திரா முகத்தைச் சுளித்தாள். "அவ்வளவு கிட்டப் போகாதேங்கோ அக்கா."

றிஸ்கான் பொறுமையிழந்து எழும்பி, மொனிட்டரைச் சுற்றி அவள் பக்கம் வந்தான். திரையில் களப்பு மட்டும் கறுப்பாக அசைந்தது.

"இதுக்குள்ள ஒருத்தரும் இல்லையே பிள்ளை! இவ்வளவு நேரமும் ஆரோட கதைச்சனி?"

சுமித்திரா ஹெட்போனைக் கழற்றினாள்.

"கேமோட ஆர் அண்ணா கதைக்கிறது? நான் உங்கட முதுகோட ஒட்டிக்கொண்டு நிண்ட அக்காவோடயெல்லோ கதைச்சனான். இந்தா, உங்களோடயே எழும்பி வந்திட்டா."